எந்த லைன் கிளியர், பாய்?

பாய்,

நேற்று சாயங்காலம் செங்கம் ரோட்டில் டீ குடித்துக்கொண்டிருந்தேன். அந்தக் கடையில் இன்னும் கரி அடுப்புதான். புகை முகத்தில் அடித்தபோது பழைய ஸ்டேஷனில் இன்ஜின் வந்து நின்ற மாதிரி இருந்தது. பக்கத்து பெஞ்சில் காலேஜ் பையன்கள் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவன் காதிலிருந்து போனை எடுத்துவிட்டு, "மச்சி, அவங்கப்பா சென்னைக்குப் போயிட்டாராம். லைன் கிளியர்" என்றான். மற்ற இருவரும் சிரித்தார்கள். என் கையிலிருந்த டீ ஆறிப்போனது.

நீங்கள் இறந்து இரண்டு மாதமாகிறது. இதை எழுதி எந்த விலாசத்துக்கும் போடப்போவதில்லை. ஆனால் அந்தச் சொல்லுக்கு அர்த்தம் என்ன என்று நான் சண்டை போடக்கூடிய ஆள் நீங்கள் ஒருவர்தான் இருந்தீர்கள். வேறு யாரிடம் போய்க் கேட்பது?

நாம் முதலில் பேசிக்கொண்டதே அந்தச் சொல்லால்தான். எழுபதுகளின் தொடக்கம். நான் கரண்டு ஆபீசில் லைன்மேனாகச் சேர்ந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. நீங்கள் இந்த ஊருக்கு அசிஸ்டன்ட் ஸ்டேஷன் மாஸ்டராக மாற்றலாகி வந்த புதிது. தண்டவாளத்துக்கு மேலே போகிற எங்கள் கம்பி தொய்ந்துவிட்டது, அதை இழுத்துக் கட்ட வேண்டும். உங்கள் அறைக்கு வந்து, "சார், லைன் கிளியர் வாங்கியாச்சு. ஏறலாமா?" என்று கேட்டேன்.

நீங்கள் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தீர்கள். "யாரு குடுத்தது? நான் இன்னும் குடுக்கவே இல்லியே" என்று சொல்லிக்கொண்டே சுவரோரம் இருந்த சிவப்புப் பெட்டியிடம் ஓடினீர்கள். அடுத்த ஸ்டேஷனான துரிஞ்சாபுரத்துக்கு மணி அடித்து, போனில் பேசி, அங்கிருந்து வண்டி எதுவும் கிளம்பவில்லை என்று தெரிந்த பிறகுதான் திரும்பி என்னைப் பார்த்தீர்கள். சட்டை முதுகில் ஒட்டியிருந்தது.

"தம்பி, எங்களுக்கு லைன் கிளியர்னா வண்டி வரும்."

"எங்களுக்கு லைன் கிளியர்னா ஒண்ணும் வராதுங்க. வந்தா நான் காலி."

அப்புறம் இருவரும் மாறி மாறி விளக்கிக்கொண்டோம். அடுத்த ஸ்டேஷன்காரர் பாதை காலி என்று ஒப்புக்கொண்டால்தான் பெட்டியிலிருந்து அனுமதிச் சீட்டு மாதிரி ஓர் இரும்புப் பந்து விழும், அதைப் பிரம்பு வளையத்தின் பையில் வைத்து டிரைவரிடம் கொடுத்தால்தான் வண்டி நகரும் என்று நீங்கள் காட்டினீர்கள். சப் ஸ்டேஷனில் சுவிட்சை இறக்கி, பூட்டி, நோட்டில் எழுதினால்தான் நாங்கள் கம்பத்தில் ஏறுவோம், நாங்கள் இறங்கித் திருப்பிக் கொடுக்கும்வரை அதை ஒருவரும் தொடக்கூடாது என்று நான் சொன்னேன். இரண்டுமே 'ஆபத்தில்லை' என்றுதான் சொல்கின்றன. ஆனால் ஒன்றில் வண்டி வரப்போகிறது, மற்றதில் கரண்டு நின்றுவிட்டது. ஒரே சொல் எப்படி இரண்டுக்கும் பொருந்துகிறது என்று அன்று நமக்கு விளங்கவில்லை. சிரித்துவிட்டு விட்டுவிட்டோம்.

நீங்கள் எங்கள் தெருவிலேயே வீடு பிடித்தீர்கள். என் மனைவி வசந்தா உங்களை அண்ணே என்று கூப்பிட ஆரம்பித்தாள். இந்தக் கதையைக் கேட்டபிறகு அவளும் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டாள். குளியலறை காலியானால் லைன் கிளியர். என் அம்மா கோயிலுக்குக் கிளம்பினால் லைன் கிளியர். "இது எந்த டிபார்ட்மென்ட்டும்மா?" என்று கேட்பீர்கள். "எங்க டிபார்ட்மென்ட்டுண்ணே" என்பாள்.

உங்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. யாரிடம் பேசினாலும் அவர்கள் சொல்லிலேயே பேசுவீர்கள். கீழ்பென்னாத்தூரிலிருந்து வேர்க்கடலை மூட்டை ஏற்ற வருகிறவரிடம் மல்லாட்டை என்றே சொல்லி அதன் ஈரத்தைப் பற்றி. ஆசிரமத்துக்குப் போகிற வெள்ளைக்காரரிடம் நிறுத்தி நிறுத்தி இங்கிலீஷில். என்னிடம் கரண்டு பாஷையில். உடம்பு முடியவில்லை என்றால், "இன்னிக்கு வோல்டேஜ் கம்மி முருகேசு" என்பீர்கள். அது எனக்குப் பிடித்திருந்தது. பிறகு ஒரு நாள் என்னை அலைக்கழித்ததும் அதே வழக்கம்தான்.

வசந்தாவுக்கு அப்போது எட்டாம் மாதம். முதல் பிள்ளை. கை கால் வீங்கி, ரத்தக் கொதிப்பு ஏறி, ஒரு காலையில் வலிப்பு வந்துவிட்டது. இங்கே பார்த்த டாக்டரம்மா உடனே வேலூருக்குக் கொண்டுபோகச் சொன்னார். நானும் என் மாமியாரும் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். மூன்றாம் நாள் புயல் மழை. மாவட்டம் முழுக்கக் கம்பம் சாய்ந்து, கம்பி அறுந்து கிடந்தது. லீவில் இருக்கிற லைன்மேன்கள் எல்லாரும் வர வேண்டும் என்று ஆபீசிலிருந்து ஆள் வந்தது. மாமியாரை அங்கேயே விட்டுவிட்டு வந்தேன்.

தெருமுனையில் உங்களைப் பார்த்தேன். என் முகத்தைப் பார்த்ததுமே, "நாளைக்கு எனக்கு ரெஸ்ட். எங்கக்கா வீடு ஆஸ்பத்திரிக்குப் பக்கத்துலதான். நான் போய் இருக்கேன். எதுன்னாலும் அங்க ஸ்டேஷன்லேருந்து இங்க போன் போட்டு சொல்லியனுப்புறேன். நீங்க வேலையப் பாருங்க" என்றீர்கள்.

மறுநாள் பகல் பதினொரு மணி இருக்கும். கீழ்பென்னாத்தூர் ரோட்டில் கம்பத்தின் மேல் இருந்தேன். கீழே போர்மேன் நின்றிருந்தார். உங்கள் ஸ்டேஷன் போர்ட்டர் கோவிந்தன் சேற்றில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்து, அண்ணாந்து பார்த்துக் கத்தினார்.

"முருகேசு, லைன் கிளியராம்."

எனக்கு முதலில் வேலையைப் பற்றிய நினைப்புதான் வந்தது. காலையிலேயே லைன் கிளியர் வாங்கித்தானே ஏறியிருக்கிறேன், இது என்ன புதிதாக ஒன்று? யாராவது திருப்பிக் கொடுத்துவிட்டார்களா, கரண்டு விடப்போகிறார்களா? கம்பியிலிருந்து கையை எடுத்துக்கொண்டேன்.

"யாரு சொன்னது?" என்றேன்.

"பாய்தான். வேலூர்லேருந்து போன் பண்ணாரு. முருகேசுகிட்ட லைன் கிளியர்னு மட்டும் சொல்லு, அவருக்குப் புரியும்னாரு."

"வேற ஒண்ணும் சொல்லலியா?"

"ஒடனே கெளம்பி வரச் சொன்னாரு. அவ்ளோதான்."

எனக்குப் புரியவில்லை, பாய். இடுப்புக் கயிற்றில் சாய்ந்தபடி தொங்கிக்கொண்டிருந்தேன். உங்கள் அர்த்தத்தில் சொல்லியிருந்தால் கண்டம் தாண்டிவிட்டது, வண்டி வருகிறது, குழந்தை பிறந்துவிட்டது. என் அர்த்தத்தில் சொல்லியிருந்தால் கரண்டு நின்றுவிட்டது. நீங்கள்தான் எதிராளியின் சொல்லில் பேசுகிறவர் ஆயிற்றே. என்னிடம் சொல்லும்போது என் அர்த்தத்தில்தானே சொல்வீர்கள்? நல்ல சேதி என்றால் நல்ல சேதி என்று சொல்ல என்ன தடை? எதற்கு உடனே கிளம்பி வரச் சொல்ல வேண்டும்?

எப்படி இறங்கினேன் என்று நினைவில்லை. கோவிந்தன் சொன்னதைக் கேட்டிருந்த போர்மேன், "நீ கெளம்பு. மத்தத நான் பாத்துக்கறேன்" என்றார். கம்பத்தில் வேறு யாரும் இல்லையே என்று அவரிடம் இரண்டு தடவை கேட்டேன். வேலையை ஒப்படைத்துக் கையெழுத்துப் போட்டேன். என் பெயரையே தப்பாக எழுதி, அடித்துவிட்டுத் திரும்ப எழுதினேன்.

போளூர் வழியாகப் போகிற பஸ்ஸில் இடம் கிடைத்தது. ரோட்டில் மரங்கள் விழுந்து கிடந்ததால் வண்டி ஊர்ந்தது. கண்டக்டர் என் வயதுக்காரர். டிக்கெட் கிழிக்கும்போது அவரிடம் கேட்டுவிட்டேன். பைத்தியக்காரத்தனம்தான், ஆனாலும் யாரையாவது கேட்க வேண்டியிருந்தது.

"ஏங்க, ஆஸ்பத்திரிலேருந்து ஒருத்தர் லைன் கிளியர்னு சொல்லியனுப்பினா என்ன அர்த்தங்க?"

அவர் யோசித்தார். "லாரிக்காரங்க சொல்லுவாங்க. ரோட்ல செக்கிங் இல்ல, போலாம்னு அர்த்தம்."

"போலாம்னா?"

"போலாம்னா போலாம்தாங்க. ஏன், யாருக்கு ஒடம்பு?"

டிக்கெட்டை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன். போலாம் என்ற சொல்லும் இரண்டு பக்கமும் திரும்பிக்கொண்டிருந்தது. ஆரணி ரோடு தாண்டுவதற்குள் வசந்தா எனக்குள் பத்து தடவை பிழைத்தாள், பத்து தடவை செத்தாள். நடுவில் உங்கள் மேல் வந்த கோபத்துக்கு அளவே இல்லை. நாம் விளையாடிய சொல்லை எடுத்து இதற்குப் பயன்படுத்திவிட்டாரே என்று பல்லைக் கடித்தேன்.

ஆஸ்பத்திரி வாசலில் நீங்கள் நின்றிருந்தீர்கள். சவரம் செய்யாத முகம். நான் பக்கத்தில் வரும்முன்பே கையைத் தூக்கி, "தங்கச்சி நல்லா இருக்கு. கண்ணு முழிச்சுடுச்சு. பேசுது" என்றீர்கள். உங்கள் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கொஞ்ச நேரம் கழித்துத்தான், நீங்கள் அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை என்பது உறைத்தது.

"கொழந்தை?"

நீங்கள் தலையை அசைத்தீர்கள். "பொண்ணு. மூச்சே விடல முருகேசு" என்றீர்கள்.

வார்டில் வசந்தா சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். என் காலடிச் சத்தம் கேட்டுத் திரும்பாமலே, "அண்ணன் உங்ககிட்ட சொல்லிட்டாரா?" என்று கேட்டாள். "சொல்லிட்டாரு" என்றேன். எதைச் சொன்னீர்கள் என்று எனக்கு இப்போதும் தெரியாது. அந்த ஒரு சொல்லில் அவள் இருந்தாளா, குழந்தை இருந்ததா, இரண்டு பேரும் இருந்தார்களா?

ஊருக்குத் திரும்பியபிறகு இரண்டு மாதம் ஸ்டேஷன் பக்கமே வரவில்லை. உங்களுக்குக் காரணம் தெரியாமல் இருந்திருக்காது. வசந்தாதான் ஒரு நாள், "எனக்காக அவரு ஒரு பாட்டில் ரத்தம் குடுத்தாரு. நீங்க மூஞ்சத் தூக்கி வெச்சினு திரியறீங்க" என்றாள். நீங்கள் ரத்தம் கொடுத்ததை அதுவரை யாரும் என்னிடம் சொல்லவில்லை. நீங்களும் சொல்லவில்லை.

மறுநாள் மத்தியானம் உங்கள் அறைக்கு வந்தேன். வண்டி இல்லாத நேரம். நீங்கள் நோட்டில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தீர்கள்.

"பாய், ஒண்ணு கேக்கணும். அன்னிக்கு லைன் கிளியர்னு சொன்னீங்களே, எந்த லைன் கிளியர்? உங்களுதா, எங்களுதா?"

பேனாவை மூடி வைத்தீர்கள்.

"எனக்கே தெரியல முருகேசு. ஸ்டேஷன் போன் ஒரே கம்பி. நான் பேசினா வழியில இருக்கற மாஸ்டர்ங்க எல்லாம் காதுல வெச்சினு கேட்டுனு இருப்பாங்க. உன் வீட்டு சாவ அவங்க முன்னாடி எப்பிடிச் சொல்றது? பொழச்சுச்சுன்னு சொன்னா நீ சந்தோசமா ஓடி வருவ. அதையும் பண்ண முடியல. தங்கச்சி தப்பிச்சுது, புள்ள போயிடுச்சு. ரெண்டையும் சேத்துச் சொல்ற மாதிரி ஒரு வார்த்த வேணும்னு நின்னேன். வாய்ல அது வந்துச்சு."

அதுவரை என்னை நீங்க, வாங்க என்றே அழைத்தவர், அன்றுதான் முதல் தடவை 'நீ' என்றீர்கள். நான் அதைத் திருத்தவில்லை. பிறகு கடைசி வரைக்கும் அதுவே நிலைத்தது. ஆனால் உங்கள் பதில் எனக்கு முழுதாக எட்டவில்லை. தெரிந்துதான் இரண்டையும் சேர்த்தீர்களா, பதறிப்போய்ச் சொல்லிவிட்டுப் பிறகு இந்த விளக்கத்தைக் கண்டுபிடித்தீர்களா? எது உண்மை என்றாலும் உங்கள் மேல் குறையில்லை. இருந்தாலும் தெரிந்துகொள்ள ஆசைப்பட்டேன். அடுத்த வண்டிக்கு மணி அடித்தது, நீங்கள் எழுந்து போய்விட்டீர்கள்.

எண்பதுகளின் நடுவில் உங்களுக்கு விழுப்புரம் பக்கம் மாற்றலானது. கடிதம் போட்டுக்கொண்டோம், பிறகு போன். எங்களுக்கு அதன்பிறகு குழந்தை தங்கவில்லை என்பதைப் பற்றி நீங்கள் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. ரம்ஜானுக்கு வசந்தாவுக்கென்று ஒரு புடவை மட்டும் வருஷம் தவறாமல் வந்துகொண்டிருந்தது.

அந்த பஸ் பயணத்திலிருந்து நான் ஒரு பிடிவாதம் கற்றுக்கொண்டேன். யாருக்கு எந்தச் சேதி சொன்னாலும் பூசி மெழுகாமல் சொல்லிவிடுவது. சாவு என்றால் சாவு. பிழைத்தார் என்றால் பிழைத்தார். என்னோடு வேலை பார்த்த ஒருவர் கம்பத்தில் இறந்தபோது அவர் வீட்டுக்குப் போய் அப்படித்தான் சொன்னேன். கேட்டவர்களை நடுவழியில் தொங்கவிடக்கூடாது என்பது என் நியாயம். அது சரி என்றே முப்பது நாற்பது வருஷம் நம்பியிருந்தேன்.

இரண்டு மாதத்துக்கு முன்னால் ஒரு காலை உங்கள் மகன் போன் செய்தார். "அங்கிள், அத்தா போயிட்டாரு" என்றார். "எங்க போயிட்டாரு?" என்று கேட்டேன். உண்மையாகவே கேட்டேன், பாய். அந்தப் பக்கம் அவர் அழத் தொடங்கிய பிறகுதான் எனக்குப் புரிந்தது.

வசந்தா சமையலறையில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். "யாரு போன்ல?" என்றாள். நான் என் வழக்கப்படியே, "பாய் செத்துட்டாரு" என்றேன்.

கீரைக்கட்டு கையிலிருந்து நழுவியது. அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தாள். "இப்பிடியா பட்டுனு சொல்லுவாங்க ஒருத்தர்கிட்ட?" என்றாள். அவள் குரலில் கோபம் இல்லை. அடிபட்டவள் மாதிரி இருந்தாள்.

நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். "வேற எப்பிடிச் சொல்லியிருக்கணும்? நீயே சொல்லு" என்று கேட்டேன். முந்தானையால் முகத்தைத் துடைத்தபடி அவள் நெடுநேரம் யோசித்தாள். அவளுக்கும் தெரியவில்லை, பாய்.