அடுப்புச் சுவர்

ஜனவரி 9

அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். நலம் விசாரிக்கும் மனநிலையில் நான் இல்லை. அரசாங்க ரொட்டி ஆலையைத் தனியாருக்கு விற்றபோது பாதிப் பேரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அங்கே அடுப்படியில் நின்ற உன்னைத் தலைநகருக்கு அழைத்து, அங்கிருந்தே ஆலையைப் பார்த்துக்கொள்ளும் மேலாளராக்கினார்கள். சந்தோஷப்பட்டேன். வேலை போனவர்களின் பிள்ளைகள் இப்போது தெருவில் கிடக்கிறார்கள். ஆலையின் பின்சுவர் அடுப்புச் சூட்டில் கதகதப்பாக இருக்கிறதென்று அதில் முதுகை ஒட்டிக்கொண்டு தூங்குகிறார்கள். நேற்றுச் சாயங்காலம் காவலாளி அந்த நடைபாதை முழுக்கக் குழாயால் தண்ணீர் அடித்தான், இந்தக் குளிரில். கேட்டால் உன் உத்தரவு என்கிறான். அவன் புளுகுகிறான் என்று ஒரு வரி எழுது. முதலில் தண்ணீரை நிறுத்தச் சொல்.

அக்கா

ஜனவரி 16

அன்புள்ள அக்காவுக்கு,

எடுத்த எடுப்பிலேயே எரிந்து விழுந்தால் எப்படி? உத்தரவு என்னுடையதுதான். முதலாளி வந்து பார்த்துவிட்டு முகம் சுளித்தார். நான் செய்யாவிட்டால் என் நாற்காலியில் வேறொருவன் உட்கார்ந்து இதையேதான் செய்வான். யாரையும் அடிக்கவில்லையே, நடைபாதையைக் கழுவுகிறோம். நாடே மாறிக்கொண்டிருக்கிறது. கொஞ்ச காலம் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தால் எல்லாம் சரியாகிவிடும். அடுத்த மாதம் வருகிறேன். உன் கையால் சாப்பிட்டு நாளாயிற்று.

உன் தம்பி

ஜனவரி 24

தம்பி,

யார் பல்லைக் கடிக்க வேண்டும்? நீயா? கடிக்கப் பல்லே சரியாக முளைக்காத பிள்ளைகளா?

ஆலையில் உன்னோடு ஒரே அடுப்பில் வெந்தவன் நெட்டையன். அவனையும் வீட்டுக்கு அனுப்பினார்கள், வேறு வேலை தேடிப் போனவன் திரும்பவில்லை. உன்னைச் சித்தப்பா என்று சுற்றிவந்த அவன் மகளும் அந்தச் சுவரோரம்தான் கிடந்திருக்கிறாள், எனக்கே தெரியாது. தண்ணீர் அடித்ததும் மற்றவர்கள் ஓடிவிட்டார்கள். இவள் ஓடாமல் காவலாளியோடு சண்டைக்கு நின்றிருக்கிறாள். தொப்பலாக நனைந்து, காய்ச்சலில் அனத்திக்கொண்டிருந்தவளை நான்தான் தூக்கிவந்தேன். போர்வைக்குள் நடுங்கிக்கொண்டே சொன்னாள்:

"அத்தை, சித்தப்பாவுக்கு ஒரு கடுதாசி போடுங்க. அவருக்கு மட்டும் தெரிஞ்சா இந்த ஆளைச் சும்மா விடமாட்டாரு."

போட்டாயிற்று என்றேன். வேறென்ன சொல்ல? உண்மையைச் சொன்னால் அவளுக்கு மிச்சமிருக்கிற ஒரே ஆளும் போய்விடும். உன்னைக் காப்பாற்றச் சொன்ன பொய் இல்லை அது.

அடுத்த மாதம் வராதே. நீ வாசலில் நின்றால் அவள் ஓடிவந்து உன்னைக் கட்டிக்கொள்வாள். அதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது.

இப்படிக்கு,
அவளுடைய அத்தை