எந்தப் பெயருக்கு அர்ச்சனை

ஆனால் பிறந்த திகதியிலுமா பொய் சொல்வது? நீங்களே சொல்லுங்கள். வயதில் இரண்டைக் குறைத்துச் சொல்கிற பெண்கள் எங்கள் ஊரிலும் இருந்தார்கள். நாளையும் மாதத்தையும் சேர்த்து மாற்றினவர் என்று எனக்குத் தெரிந்தவரையில் நீங்கள் ஒருவர்தான்.

நாளைக்கு நீங்கள் போய் ஒரு வருடம். கோயிலில் உங்களுக்கு மோட்ச அர்ச்சனை செய்விக்கச் சிட்டை எடுத்து வந்து மேசையில் வைத்திருக்கிறேன். பெயருக்கு ஒரு கோடு, நட்சத்திரத்துக்கு ஒரு கோடு. இரண்டும் வெறுமையாகக் கிடக்கின்றன. பேனா தேடி மேசை லாச்சியை இழுத்துத் திறந்தால் நீங்கள் தந்த முகக் கிறீம் டப்பா கையில் அகப்பட்டது. மூடியைத் திறந்தேன். ரோசாப்பூவும் மெழுகும் கலந்த அதே வாசம். பேனாவை மறந்து அப்படியே இருந்துவிட்டேன்.

சிட்டையில் பெயர்க் கோடு வெறுமையாகக் கிடப்பதற்கும், இந்த மடலின் தலைப்பில் உங்கள் பெயரை எழுதாததற்கும் ஒரே காரணம்தான். எதை எழுதுவது?

கனடா வந்து, ஸ்காபரோவில் அந்தக் கட்டடத்தின் ஏழாம் மாடியில் தங்கை குடும்பத்தோடு நான் குடிவந்த முதல் கிழமையே உங்களைக் கண்டேன். தூள் இடிக்க மிளகாய் வறுத்தேன். புகை போய் நெருப்பு மணி அடித்துவிட்டது. எல்லோரும் இரவுச் சட்டையும் செருப்புமாக ஓடிவந்து கீழே நிற்க, எதிர்வீட்டுக்காரியான நீங்கள் உதட்டுச் சாயம் பூசி, தொப்பி வைத்து, கையுறையும் போட்டுக்கொண்டு கடைசியாக இறங்கி வந்தீர்கள்.

"பெரியம்மா, உவ ஆரோ பெரிய ஆள் போலை கிடக்கு," என்றாள் தங்கையின் மகள் சுமதி.

"பெரிய ஆளோ சின்ன ஆளோ, நெருப்பெண்டா ஓடோணும், பிள்ளை," என்றேன்.

எனக்கு ஊர்ப் பள்ளிக்கூடத்து ஆங்கிலம் கொஞ்சம். மிச்சத்தைச் சுமதி சொல்லித் தருவாள். நான் உங்களை மேடம் என்றேன். தங்கை கூப்பிடுவதைக் கேட்டு நீங்கள் என்னை 'அக்கா' என்றீர்கள், என்னைவிட இருபது வயதுக்கு மேல் மூத்திருந்தும். பெயர் எங்களுக்குத் தேவைப்படவில்லை.

நீங்கள் சொன்ன கதைகளை இப்போதும் அடுக்கிப் பார்க்கிறேன். பதினெட்டு வயதில் இந்த நாட்டிலிருந்து ரயிலேறி அமெரிக்காவுக்குப் படம் நடிக்கப் போனீர்கள். படக் கம்பனிக்காரர் முதல் மாதமே பல்லை அராவினார்கள், புருவத்தை மழித்தார்கள், முன்மயிரைப் பிடுங்கி நெற்றியை அகலமாக்கினார்கள். அம்மா வைத்த பெயர் விளம்பரப் பலகைக்கு நீளம் என்று புதுப் பெயர் வைத்தார்கள். மர ஆலையில் பலகை அரிந்த அப்பாவைக் கப்பல் கப்டன் ஆக்கிப் பத்திரிகைக்குக் கொடுத்தார்கள். ஏழு வருட ஒப்பந்தம். நடுவில் வேறு கம்பனிகளுக்கு உங்களை இரவலும் கொடுத்தார்களாம், அம்மிக்கல்லைக் கொடுப்பது போல.

உங்களைக் கதாநாயகி ஆக்கவே இல்லை. அவளின் சிநேகிதியாக, தொப்பியோடு கதவைத் திறந்துவந்து கெட்ட செய்தி சொல்லிவிட்டுப் போவீர்கள். "நன்றாக அழுதது நான், முத்தம் வாங்கினது அவள்," என்று சொல்லிச் சிரிப்பீர்கள். முப்பத்தைந்து வயதில், உங்களைவிட மூன்று வயதே இளைய நடிகருக்கு அம்மாவாக நடிக்கக் கேட்டார்கள். பெட்டியைக் கட்டிக்கொண்டு ரொறன்ரோவுக்கு வந்து, ஒரு பெரிய கடையில் இருபது வருடம் கையுறை விற்றீர்கள். அந்த முப்பத்தைந்து எந்தப் பிறந்தநாளின்படி என்று இன்றைக்குத்தான் யோசிக்கிறேன்.

முழங்கால் வலிக்கிறது என்று நீங்கள் சொன்னதும் பிறந்த திகதி கேட்டேன். சித்திரை மாதத்தில் ஒரு நாளைச் சொன்னீர்கள். கோயில் ஐயர் யாரிடமோ கொடுத்துக் கொம்பியூட்டரில் பார்த்து, ரோகிணி என்றார். உங்கள் கடிதப் பெட்டியில் ஒட்டியிருந்த பெயரைச் சொல்லி, இரண்டு வருடம் வெள்ளிக்கிழமை தவறாமல் ரோகிணிக்கு அர்ச்சனை. திருநீற்றைக் கொண்டுவந்து உங்கள் முழங்காலில் பூசினேன். வலி கூடினதே தவிரக் குறையவில்லை. என்னுடைய பக்தியில்தான் குறை என்று நினைத்து விரதமும் பிடித்தேன்.

பிறகு அந்தப் பிள்ளைக் கதை. ஒரு பனிக்காலப் பின்னேரம், கன்னத்தில் கை வைத்து, மெல்லச் சொன்னீர்கள். உங்களுக்கு ஒரு பிள்ளை பிறந்ததாம், மூன்று நாளும் இருக்கவில்லையாம். "தொட்டிலை விற்க மனம் வரவில்லை, அதில் துணி மடித்து வைத்தேன்," என்றீர்கள். சுமதி சொல்லி முடிக்கமுன்பே நான் அழுதுவிட்டேன். அடுத்த வெள்ளி அந்தப் பிள்ளைக்கும் ஒரு நெய்விளக்கு ஏற்றினேன்.

மூன்று மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை. ரீவியில் உங்கள் கறுப்பு வெள்ளைப் படம் போகிறது என்று எங்களைக் கூப்பிட்டுத் தேத்தண்ணி தந்தீர்கள். படத்தில் நீங்கள் கன்னத்தில் கை வைத்தீர்கள். தொட்டிலும் வந்தது, துணியும் வந்தது.

"பெரியம்மா! உது அண்டைக்கு எங்களுக்குச் சொன்ன கதையெல்லோ! அப்பிடியே வேர்ட் பை வேர்ட்!"

"கேள், பிள்ளை. பொய்யோ எண்டு கேள்."

"நான் கேக்கமாட்டன். வேணுமெண்டா நீங்களே கேளுங்கோ."

"பேபி, ட்ரூ?" என்று நானே கேட்டேன். நீங்கள் ரீவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "எது முதலில் வந்தது என்று எனக்கே தெரியவில்லை, அக்கா," என்றீர்கள்.

கோபத்தில் ஒரு கிழமை உங்கள் பக்கம் நான் வரவில்லை. எட்டாம் நாள் மனம் கேட்காமல் தோசையோடு வந்து கதவைத் தட்டினேன். ஏன் வரவில்லை என்று நீங்கள் கேட்கவில்லை. கண்ணீர் வந்தால் அது உண்மை என்று நினைக்கிறவள் நான். கண்ணீரையே தொழிலாகச் செய்த ஒருவரோடு எப்படிப் பழகுவது என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

நீங்கள் ஆஸ்பத்திரியில் கண்மூடிய பிறகு, உங்களைப் பார்வைக்கு வைத்திருந்த சாவீட்டு மண்டபத்துக்கு நானும் சுமதியும் பஸ்ஸில் வந்தோம். வாசலில் வைத்திருந்த அட்டையைச் சுமதி இரண்டு தரம் வாசித்தாள்.

"பெரியம்மா, பிழையான இடத்துக்கு வந்திட்டம். இது வேறை ஆள். பேரும் வேறை, பிறந்ததும் கார்த்திகை மாதம். வயசும் நாலு கூட."

திரும்பப் போகக் காலை எடுத்து வைத்தோம். திறந்த கதவுக்குள்ளால் உங்கள் மூக்குத் தெரிந்தது. கண்ணுக்கு மை பூசி, கன்னத்துக்குச் சிவப்புப் பூசி, படத்துக்கு ஆயத்தமானவர் போலப் படுத்திருந்தீர்கள்.

அப்படியென்றால் ரோகிணிக்கு நான் செய்ததெல்லாம் யாருடைய முழங்காலுக்குப் போனது? இன்று காலையில் ஐயருக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"ஏதோ ஒரு பேரைச் சொல்லுங்கோ அக்கா, கடவுளுக்கு ஆளைத் தெரியும்."

"கடவுளுக்குத் தெரியும் ஐயா, எனக்கல்லோ தெரியேல்லை."

"ரெண்டு பேரையும் எழுதுங்கோவன்," என்று சுமதி குறுக்கே சொன்னாள்.

"ரெண்டு பேர் எழுதினால் ரெண்டு சீவனெல்லோ ஆகும்? பாதி பாதியாய்ப் போய்ச் சேருறதோ?"

அவள் சிரிக்கிறாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. முழங்கால் போனால் போகட்டும். மோட்ச விஷயத்தில் பிழை விட்டால் பிறகு யாரிடம் போய்த் திருத்துவது? உங்களுக்கு நான் ஒருத்திதான் செய்கிறேன். கடிதப் பெட்டியில் ஒட்டியிருந்த பெயரைத்தான் நீங்கள் ஐம்பது வருடம் கையெழுத்தாகப் போட்டீர்கள். அட்டையில் இருந்த பெயரையோ ஒருநாளும் உங்கள் வாயால் நான் கேட்டதில்லை. கம்பனிக்காரர் தந்ததுதான் உங்களுக்குப் பிடித்த பெயரோ? மற்றதை ஆஸ்பத்திரிக்காரர் யாரோ பழைய கடதாசியில் கண்டு எழுதிவிட்டார்களோ?

பொறுங்கள்.

போன வருடத்துக்கு முந்தின மாசி மாதம், வழி சறுக்கும், கூட வா என்று ராக்சிக் காரில் என்னைக் கூட்டிக்கொண்டு போனீர்களே, நிலமெல்லாம் கம்பளம் விரித்த ஓர் இடத்துக்கு. நான் வங்கி என்று நினைத்துக் கதிரையில் உட்கார்ந்தபடி தேவாரம் முணுமுணுத்தேன். கறுப்புக் கோட்டுப் போட்ட ஒருவர் படிவம் கொண்டுவந்து, நீங்கள் சொல்லச் சொல்ல எழுதுகிறேன் என்று பேனாவைத் திறந்தார். நீங்கள் தலையாட்டி மறுத்து, அந்தப் பேனாவை வாங்கி, மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, ஒவ்வொரு எழுத்தாக நீங்களே எழுதினீர்கள். சாவீட்டு வாசலில் அட்டைக்குப் பக்கத்தில் நின்று எங்களுக்குக் கதவைப் பிடித்தவரும் அதே கறுப்புக் கோட்டுக்காரர்தான். அப்படியென்றால் அந்த அட்டையில் இருந்த பெயர் நீங்களே எழுதிக் கொடுத்தது.