நீங்கள் மேலே ஏறாத அந்த ஒரு வரி

என் செல்ல அப்பா,

வியாழக்கிழமை எனக்கு வைவா. மூன்று பேர் முன்னால் இருந்து என் எம்.ஏ. ஆய்வேட்டைப் பற்றிக் கேள்வி கேட்பார்கள். புத்தகமாகக் கட்டிக் கொடுத்தாயிற்று, வைவா முடியும்வரை ஒரு எழுத்தும் மாற்ற முடியாது. அதில் நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் உங்கட முழுப் பெயரும் இருக்கிறது. அந்தப் பக்கம் பிழை, அப்பா.

நாங்கள் இப்ப வெள்ளவத்தையில், ஒரு வீட்டோடு ஒட்டின சின்ன அனெக்ஸில் இருக்கிறோம். அம்மா ஞாயிறு பூசைக்கு இன்னும் எங்கட பழைய கொட்டாஞ்சேனைக் கோயிலுக்குத்தான் போகிறா. இங்கே கொயர்க்காரர் பாட்டை அவசரமாக முடிக்கிறார்களாம்.

நான் கம்பஸ் லைப்ரரியிலிருந்து கொண்டுவந்த அந்தப் பழைய அமெரிக்கப் பாட்டுப் புத்தகம் ஞாபகம் இருக்கிறதா? "இவ்வளவு படிச்சு, கடைசியில வெள்ளைக்காரன்ட கோயில் பாட்டோ?" என்று கேட்டீர்கள். அந்த நாடு புதிதாக இருந்த காலத்தில் ஊர் ஊராகப் பாட்டு வாத்தியார்மார் போனார்கள், இசை படிக்காத சனத்துக்காக ஸ்வரங்களை முக்கோணம், வட்டம், சதுரம், சாய்சதுரம் என்று அச்சடித்தார்கள் என்று சொன்னேன். துறைமுகத்தில் வேலை முடிந்து வந்த நீங்கள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தீர்கள். "இது நாங்க ஹாபரில பெட்டியில பாக்கிற குறி மாதிரியெல்லோ. வாசிக்கத் தெரியாதவனும் பிழையில்லாமல் அடுக்கத்தானே அதையும் போட்டது."

எந்த உருவத்துக்கு எந்த ஸ்வரம் என்று ஒருதரம்தான் சொன்னேன். விரலை வைத்து வைத்து ஒரு மெட்டை முழுவதும் முனகினீர்கள். பிறகு நிமிர்ந்து, "பிள்ளை, இது எங்கட பெரிய வெள்ளிப் பாட்டு" என்றீர்கள்.

இரண்டும் ஒரே மெட்டு என்று அதை அப்படியே ஆய்வேட்டில் எழுதி, பாடிக் காட்டினவர் என்று உங்கட பெயரையும் போட்டுவிட்டேன். அந்தப் புத்தகங்களில் மெட்டுப் போட்டவரின் பெயர் இருக்கும், அச்சடித்தவரின் பெயர் இருக்கும், பாடின ஒருவரின் பெயரும் இருக்காது. அதைக் குறையாகச் சொல்லி ஒரு அத்தியாயமே எழுதியிருக்கிறேன். என்னுடைய ஏட்டிலாவது பாடினவரின் பெயர் இருக்கட்டும் என்று நினைத்தேன். நீங்கள் எங்களை விட்டுப் போய் மூன்றாம் மாதம் அதைக் கட்டக் கொடுத்தேன்.

போன கிழமை என் ஆய்வை மேற்பார்க்கிற மிஸ் எனக்கு ஃபோன் பண்ணினா. வெளியிலிருந்து வருகிற பரீட்சகருக்கு இசை தெரியுமாம், அந்தப் பெரிய வெள்ளிப் பாட்டைக் கேட்க விரும்புகிறாராம். உங்கட குரலை நான் பதிந்து வைக்கவில்லை. அதனால் அம்மாவைப் பாடச் சொல்லி, பதிய ஃபோனை நீட்டினேன். அம்மா போஞ்சிக்காய் வெட்டிக்கொண்டே பாடினா. மூன்றாவது வரியில் குரலை மேலே கொண்டுபோனா.

"அம்மா, அதில கீழ போகவேணும்."

"ஆர் சொன்னது?"

"அப்பா அப்படித்தான் பாடுவார்."

"உங்கட அப்பா அதில ஏறமாட்டார். மனுசனுக்கு மூச்சுக் காணாது. கொயரில எத்தினை தரம் பேச்சு வாங்கினவர்." சிரித்துக்கொண்டே சொன்னவ, என் முகத்தைப் பார்த்ததும் கத்தியை வைத்துவிட்டா.

ஞாயிறு நானும் கொட்டாஞ்சேனைக்குப் போய் ஓர்கன் வாசிக்கிற அக்காவிடம் கேட்டேன். கொப்பியைத் திறந்து காட்டினா. மேலேதான் போகிறது. அந்த வரி கீழே போகாவிட்டால் அமெரிக்க மெட்டுக்கும் எங்கட பாட்டுக்கும் பெரிய ஒற்றுமை ஒன்றும் இல்லை. நான் கண்டுபிடித்தது உங்கட மூச்சை, அப்பா.

தப்ப ஒரு வழி இருக்கிறது. அந்த அமெரிக்க ஊர்களிலும் யாரோ ஒருவருக்கு மூச்சுக் காணாமல்தான் அந்த மெட்டு கீழே போனதோ என்று அழகாகச் சொல்லலாம். மூன்று பேரும் தலையாட்டவும் கூடும். அதுதான் பயமாக இருக்கிறது. நான் அதை நம்புகிறேனா, இல்லை உங்கட பெயரை அந்தப் பக்கத்தில் வைத்திருக்க ஆசைப்படுகிறேனா? பிழையாகப் பாடுகிறோம் என்று உங்களுக்குத் தெரியுமா? இல்லாவிட்டால், நான் ஆசையோடு பார்த்துக்கொண்டிருந்ததால் அது எங்கட பாட்டு என்று சொன்னீர்களா?

"கேட்டால் சொல்லு, கேளாட்டி விடு. செத்த மனுசனில என்ன பிழை பிடிக்கப்போறாங்கள்?" என்கிறா அம்மா. கம்பஸில் நாலு வருசம் நான் கை உயர்த்தி ஒரு கேள்வி கேட்டதில்லை. இப்ப பஸ்ஸில் நிற்கும்போதும் சொல்லவேண்டியதை வாய்க்குள் சொல்லிப் பார்க்கிறேன், இரண்டாவது வசனத்தில் விட்டுவிட்டு முதலிலிருந்து தொடங்குகிறேன்.

என்றாலும் அவர்கள் கேட்க முன்னம் நானே சொல்லுவன். பக்கத்தை எடு என்பார்கள். உங்கட பெயர் அச்சில் வந்த ஒரே இடமும் போய்விடும். மன்னியுங்கோ.

இன்னொன்றும் இருக்கிறது. அந்தப் பக்கத்தில் உங்கட பெயருக்குப் பக்கத்தில் 'துறைமுகத் தொழிலாளி, கொட்டாஞ்சேனை' என்று மட்டும்தான் எழுதினேன். என்ட அப்பா என்று எழுதவில்லை. ஆய்வில் அப்படி எழுதக்கூடாது என்று நினைத்தேனா, வெட்கப்பட்டேனா, தெரியாது. வியாழக்கிழமை பாடினவர் ஆர் என்று கேட்டால் அதை முதலில் சொல்லுவன். கேட்காவிட்டாலும் சொல்லுவன்.

உங்கட மகள்