கன்னத்தில் பூசிய எண்ணெய்

பாப்பாவின் அம்மாவுக்கு,

நான் சௌக்கியம். உன் முட்டிவலி தேவலையா? பாப்பா ஒழுங்காகச் சாப்பிடுகிறாளா?

இங்கே ஒரு விஷயம், பதறாதே. எங்கள் கம்பெனி பெட்ரோலுக்காகத் தோண்டிய கிணற்றில் எண்ணெயே இல்லையாம். ஊர் ஊராகத் தோண்டி ஒன்றும் கிடைக்காத கம்பெனிதானே இது. அன்றைக்கு முதலாளி, "எண்ணெய் வந்துடுச்சுடா தம்பி" என்று என் கன்னத்தில் பூசி, தோளில் கைபோட்டுப் படம் எடுத்துக்கொண்டாரே, அந்த எண்ணெய் லாரியில் வந்த சரக்கு. போன வாரம் லாரிக்காரர் வந்து பீப்பாயைத் திருப்பிக் கேட்டார்.

"எந்தப் பீப்பாய்ண்ணே?" என்றேன்.

"படம் எடுக்கறதுக்கு முந்தின நாள் உங்க முதலாளி கிணத்துல ஊத்தச் சொன்னாரே, அதுதான்பா."

முதலாளி அதற்கு முன்பே கம்பி நீட்டிவிட்டார். கம்பெனியில் பங்கு வாங்கியவர்கள் வாசலில் நின்று என்னைத்தான் திட்டுகிறார்கள். அந்தப் படம் போட்ட பத்திரிகை விளம்பரத்தில் அவர்கள் பார்த்துப் பார்த்து நம்பிய முகம் என்னுடையது அல்லவா. ஒரே தட்டில் சாப்பிட்ட மனுஷன், என் மூஞ்சியை விற்றுவிட்டுப் போயிருக்கிறார்.

உன் தம்பி இங்கே வேலைக்குக் கிளம்பினால் தடுத்துவிடு. எனக்குப் பாக்கிச் சம்பளம் வரும் என்கிறார்கள், பார்க்கலாம். அந்தப் பழைய போர்வையைப் பார்சலில் அனுப்பு. அறையில் இனி நான் ஒருவன்தான், குளிர் கூடுதலாகத் தெரிகிறது. கடைசியாகக் கிளம்பும் சமையல்காரர் பையோடு நிற்கிறார், இதை அவர் கையில்தான் கொடுக்க வேண்டும்.

நம் வீட்டுக் கூடத்தில் மாட்டிய அந்தப் படத்தைக் கழற்றிவிடு. பாப்பா அழுதால், முதலாளியை மட்டும் வெட்டிவிட்டு மாட்டு. என் தோளில் கிடக்கும் அவர் கையை என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை.

பாப்பாவின் அப்பா