விசில் அடிக்காத குக்கர்

என்னங்க,

நீங்களும் பாப்பாவும் சௌக்கியம்தானே? உங்க முதுகுவலி தேவலையா? எனக்கு ஒரு குறையும் இல்ல.

போன லீவுல இங்க ஒரு கூத்து. என்கூட ரூம்ல இருக்கிற நர்ஸ் அக்கா கரண்டுல மெதுவா வேக வைக்கிற அவங்க ஸ்லோ குக்கரைக் கொடுத்து, பீன்ஸும் உப்புப் போட்ட பன்றிக்கறியும் சேர்த்து சூப் வைக்கச் சொல்லிட்டு டூட்டிக்குப் போனாங்க. எட்டு மணி நேரம் சும்மா விட்டா அதுவே வெந்துடுமாம். என்னால சும்மா இருக்க முடியுமா? விசிலும் வராது, ஒரு சத்தமும் கிடையாது. துணி துவைச்சேன், மூடியைத் திறந்து பாத்தேன். ஜன்னலைத் துடைச்சேன், மறுபடி மூடியைத் திறந்தேன்.

சாயங்காலம் அக்கா ஒரு வாய் வச்சுட்டு, "சூட்டையெல்லாம் வெளிய விட்டுட்டியேடி!"ன்னாங்க. பீன்ஸ் கல்லு மாதிரி கிடந்துச்சு. ரெண்டு பேரும் கறியை மட்டும் பொறுக்கித் தின்னோம். வயித்துக்கு ஒண்ணும் ஆகல, பயப்படாதீங்க.

யாராவது இந்தப் பக்கம் வந்தா என் பழைய குழிக்கரண்டியைக் கொடுத்து விடுங்க. அப்புறம், ஞாயித்துக்கிழமை எனக்குப் போன் பண்றப்ப அடுப்புல குக்கர் இருக்கட்டும். நீங்கதான் எப்பவும் எத்தனை விசில்னு கோட்டை விடுவீங்களே, நான் எண்ணிக்கிறேன்.

வேலைக்குப் போற வண்டி ஹாரன் அடிக்குது. பேச ஒண்ணும் இல்லேன்னாலும் பரவால்ல, மூணாவது விசில் வரைக்கும் போனை வச்சிடாதீங்க.

உங்க வீட்டுக்காரி