பத்திரிகையில் விட்டுப்போன பிச்சை

ஆவணி 12, வியாழன்

மகனின் கல்யாணப் பத்திரிகையில் அப்பா பெயர் வெறும் மைதீன் என்றுதான் இருக்கிறது. மேலப்பாளையம் துணிக்கடைக்காரர் பிச்சை மைதீனே இன்று நாளிதழில் வேலை பார்க்கும் என்னிடம் அச்சுப் புரூஃபைக் காட்டிச் சொன்னார்.

“பிச்சைன்னு போட்டா சம்பந்தக்காரங்க சிரிப்பாங்கன்னு பய துபாய்ல இருந்து சொல்லுதான் வே.”

அவருக்கு முன் பிறந்த பிள்ளைகள் தங்கவில்லை. உம்மா அக்கம்பக்கத்தில் மடியேந்தி வாங்கிய அரிசியில் கஞ்சி காய்ச்சி ஊட்டி, இவருக்குப் பிச்சை என்று பெயரிட்டார். பிச்சையாகக் கிடைத்த பிள்ளையைச் சாவு சீண்டாது என்ற நம்பிக்கை. டவுணில் பிச்சையா என்று பெயர் வைத்த இந்து வீடுகளிலும் இதே கதையைக் கேட்டிருக்கிறேன்.

“நீரு பேப்பர்காரரு. எதும் விட்டுப் போயிருக்கான்னு பாரும்.”

மைதீனுக்கு முன்னால் சிவப்பு மையில் பிச்சை என்று எழுதிக் கொடுத்தேன். அதை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

பத்திரிகை சனிக்கிழமை காலை அச்சேறுகிறது. மகன் வந்து இறங்குவது அன்று மாலைதான்.