வேலிக்கு இந்தப் பக்கம் உங்கள் இடம்

இயேசு மரி சூசை துணை

பார்க் எக்ஸ்டென்ஷன்,
மொன்றியல்.
ஓகஸ்ட் 3

அன்பும் மரியாதையும் கலந்த மாமாவுக்கு,

உங்கள் மருமகள் பிரியந்தி எழுதிக்கொள்வது. நானும் உங்கள் மகன் நிஷானும் நல்ல சுகம். உங்கள் முழங்கால் வலி குறைய வேண்டும் என்று ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் மன்றாடினேன். போன வாரம் மாமியின் கல்லறைக்குப் போய்ப் புல்லை வெட்டி, வெள்ளைப் பூ வைத்துவிட்டு வந்தோம்.

போன் இருக்கும்போது இவள் ஏன் கடிதம் எழுதுகிறாள் என்று யோசிப்பீர்கள். போனில் மழை எப்படி, சாப்பாடு என்ன என்று கேட்டுவிட்டு, கதை இவர் பக்கம் திரும்பினால் உடனே 'சிக்னல் சரியில்லை பிள்ளை' என்று வைத்துவிடுகிறீர்கள். எங்கள் கல்யாணத்துக்கும் வராத மாமா நீங்கள். கடிதத்துக்குச் சிக்னல் தேவையில்லை. மடுத் திருவிழாவுக்கு வரும் அருளம்பலம் அண்ணையிடம் கொடுத்துவிடுகிறேன். நீங்கள் வாசித்து முடிக்கும்வரை பக்கத்திலேயே இருக்கச் சொல்லியிருக்கிறேன். அவர் சொன்னதைச் செய்கிற மனிதர்.

வீட்டுச் செய்தியை முதலில் சொல்கிறேன். என் வேலை அதே கார்டெரியில்தான், சின்னப் பிள்ளைகளைப் பகலில் பார்க்கிற இடத்தில். இருபத்திரண்டு குழந்தைகள் ஒரே நேரத்தில் அழுதாலும் எனக்குத் தலையிடி வராது. சனிக்கிழமைகளில் இவருடைய மைதானத்துக்குப் போனால்தான் வரும். ஓம் மாமா, இவர் இப்போது கோச். எங்கள் பகுதிப் பள்ளிக்கூடம் ஒன்றின் அணிக்கு இது இரண்டாவது வருடம். மன்னாரில் நீங்கள் மகன் ஃபுட்போல் கோச் என்று சொன்னால் எல்லோரும் காலால் அடிக்கிற பந்தைத்தான் நினைப்பார்களாம். இது கையால் எறிகிற பந்து என்றும், எறிகிற ஆளுக்குக் குவாட்டர்பாக் என்று பெயர் என்றும், அந்த ஆள்தான் முழு அணிக்கும் மூளை என்றும் நீங்கள் விளங்கப்படுத்தி முடிப்பதற்குள் தேத்தண்ணி ஆறிவிடுமாம். இதை எனக்குச் சொன்னதும் அருளம்பலம் அண்ணைதான். அப்படியென்றால் மகனைப் பற்றி அங்கே எல்லோரிடமும் கதைக்கிறீர்கள். மகனோடு மட்டும்தான் கதைப்பதில்லை.

போன வருடம் எட்டு ஆட்டத்தில் ஆறு தோல்வி. இந்த வருடம் வெல்வோம். நான் சும்மா சொல்லவில்லை. பிள்ளைகள் முப்பத்தெட்டுப் பேர். ஹெயிட்டிப் பிள்ளைகள், கிரேக்கப் பிள்ளைகள், பஞ்சாபிகள், எங்கள் தமிழ்ப் பிள்ளைகள் ஆறு பேர். எல்லோரும் ஆறரைக்கே மைதானத்தில் நிற்கிறார்கள். இவர் யாரையும் ஏசுவதில்லை. பிழை விட்ட பிள்ளையை அருகில் கூப்பிட்டு, 'இப்ப நீ என்ன கண்டனீ, அதைச் சொல்லு' என்று கேட்கிறார். பிள்ளை சொல்லச் சொல்லத் தன் பிழையைத் தானே கண்டுபிடித்துவிடும். தன்னிடம் ஒருவரும் அப்படிக் கேட்கவில்லை என்று இவர் ஒருநாள் சொன்னார்.

இவருக்கு உதவியாக நிற்பவர் யார் தெரியுமா? ஸ்காபரோ ஸ்ரீதரன். இப்போது இங்கே மொன்றியலுக்குப் பக்கத்தில், புரோசார்ட்டில் வேலையும் வீடும். பெயரைக் கேட்டதும் உங்கள் முகம் சுருங்கும் என்று எனக்குத் தெரியும். இவர் குவாட்டர்பாக்காக ஆடிய அந்த அரையிறுதி ஆட்டத்தில், இவர் எறிந்த கடைசிப் பந்தைப் பிடித்த எதிரணிப் பெடியன் அவர்தானே. எங்கள் வீட்டுக்கு முதல் தடவை வந்தபோது, 'அக்கா, உங்கடை மனுசன்ரை வாழ்க்கையைக் கெடுத்தவன் நான்தான்' என்று சொல்லிக்கொண்டே இரண்டாம் தரம் சோறு போட்டுச் சாப்பிட்டார். இவருக்குச் சிரித்துச் சிரித்துப் புரைக்கேறிவிட்டது.

இனி விஷயத்துக்கு வருகிறேன். அந்த ஆட்டத்தைப் பற்றி இவர் எனக்குச் சொல்லியிருந்தது இவ்வளவுதான். கடைசி நிமிடத்தில், கோச்சைக் கேட்காமல், திட்டத்தைத் தானே மாற்றினார். பந்து எதிரணியின் கையில் போயிற்று. கோச் பத்திரிகைக்காரரிடம் இவருடைய பெயரைச் சொல்லிக் குறைப்பட்டார். இவர் ஹெல்மெட்டைத் தூக்கி எறிந்து, அடுத்த வருடம் முழுக்க ஆடக் கிடைக்காமல் ஓர வாங்கில் உட்கார்ந்திருந்தார். பிறகு மேற்கே பெரிய அணிகளின் தேர்வு முகாமுக்கு இரண்டு தரம் போய், இரண்டு தரமும் திருப்பி அனுப்பப்பட்டு, கடைசியில் தோள்மூட்டு கிழிந்து வீட்டுக்கு வந்தார். எல்லாம் தன் தலைக்கனம் என்றே சொல்லி வைத்திருந்தார்.

போன மாதம் கோயில் மண்டபத்தில் ஒரு பிள்ளை முதன்முதலாக நற்கருணை வாங்கிய புதுநன்மை விருந்தில் கிறகரியைச் சந்தித்தேன். அந்த நாளில் இவர் எறியும் பந்தைப் பிடிக்க ஓடியவர். அவர்தான் மிச்சத்தைச் சொன்னார். மைதானத்தில் சத்தம் காதைக் கிழித்ததாம்; திட்டத்தைக் கத்தித்தான் சொல்ல வேண்டுமாம், கத்தினால் எதிரணிக்கும் கேட்குமாம். இடைவேளையில் நீங்கள் வேலியடிக்கு வந்து, 'தமிழிலை கூப்பிடுங்கோவன், இஞ்சை ஆருக்கு விளங்கப்போகுது' என்றீர்களாம். நல்ல யோசனை என்று இருவரும் துள்ளினார்களாம். கடைசி நிமிடத்தில் இவர் 'சோத்துக்கைப் பக்கம், தூரத்துக்கு ஓடு' என்று கத்த, கிறகரிக்கு முன்னம் எதிரணியில் ஒருவன் சோத்துக்கைப் பக்கம் ஓடினானாம். பந்தைப் பிடித்துக்கொண்டு எழும்பி, 'குறை நினையாதேங்கோ அண்ணை' என்றானாம். கேட்ட எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. கனடாவில் தமிழ் ஒருவருக்கும் விளங்காது என்று நம்ப எங்கள் ஆட்களால்தான் முடியும் மாமா.

வீட்டுக்கு வந்து இவரிடம் கேட்டேன், ஏன் மாமா சொன்னது என்று ஒருநாளும் சொல்லவில்லை என்று. கோப்பை கழுவிக்கொண்டிருந்தவர் திரும்பியும் பார்க்கவில்லை. 'பந்து என்ரை கையிலை இருந்தது. எறிஞ்சது நான். அப்பாவை ஏன் இழுக்கிறாய்?' என்றார். கோச்சிடமும் சொல்லவில்லை, பத்திரிகைக்காரரிடமும் சொல்லவில்லை. உங்கள் பெயரை இத்தனை வருடமும் வெளியே விடாமல் வைத்திருந்த மனிதரை நான் கட்டியிருக்கிறேன். எனக்கு அதில் பெருமை.

கிறகரி இன்னொன்றும் சொன்னார். காணி அலுவல், இரண்டு மாதத்தில் வருகிறேன் என்று நீங்கள் புறப்பட்ட அன்று விமான நிலையத்தில் தன்னிடம், 'நான் வாயைத் திறந்தபடியால்தான் பிள்ளையின்ரை வாழ்க்கை போச்சு' என்றீர்களாம். அது நடந்து மூன்றரை வருடம். எந்தக் காணி அலுவல் மாமா மூன்றரை வருடம் எடுக்கும்? மகன் உங்களைக் குறை சொல்கிறார் என்று நீங்கள் அங்கே இருக்கிறீர்கள். தன்னால் வெட்கப்பட்டுத்தான் அப்பா ஆட்டம் பார்க்க வருவதை விட்டார், நாட்டையும் விட்டுப் போனார் என்று இவர் இங்கே இருக்கிறார். இரண்டும் பிழை. இரண்டு பேருக்கும் பொதுவாக இருப்பது பிடிவாதம் ஒன்றுதான். எனக்குக் கோபம் வருகிறது, அதனால்தான் இப்படி எழுதுகிறேன். மன்னித்துக்கொள்ளுங்கள்.

இன்னும் ஒன்றுதான். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் இவர் மைதானத்தின் மூலைக்கு நடந்து போய், கம்பி வேலியடியில் தலையைக் குனிந்து கொஞ்ச நேரம் நிற்பார். என்ன அது என்று போன வருடம் கேட்டேன். 'பழக்கம்' என்றார். கிறகரி சொன்ன பிறகுதான் விளங்கியது. நீங்கள் வேலிக்கு மேலால் கையை நீட்டி, பெருவிரலால் இவர் நெற்றியில் சிலுவை அடையாளம் போட்டு அனுப்புவீர்களாம். இப்போது வேலிக்கு இந்தப் பக்கம், ஆட்டம் பார்ப்பவர்கள் நிற்கிற பக்கம், கையை நீட்ட ஒருவரும் இல்லை. ஆனாலும் போய் நிற்கிறார்.

கோச் செய்வதைப் பார்த்து முப்பத்தெட்டுப் பிள்ளைகளும் போன வருடக் கடைசியில் இருந்து அதே வேலியடியில் வரிசையாக வந்து தலை குனிகிறார்கள். ஏன் என்று அவர்களுக்குத் தெரியாது. ஏதோ ஆட்டத்தின் ஒரு பகுதி என்று நினைக்கிறார்கள். கடைசியில் ஸ்ரீதரனும் ஹெல்மெட் பெட்டியைக் கீழே வைத்துவிட்டு நிற்பார்.

முதல் ஆட்டம் செப்டம்பர் இரண்டாம் சனிக்கிழமை, காலை பத்து மணி. இந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத நேரமில்லை, டிக்கெட் போட நேரம் இருக்கிறது. இவருக்கு நான் எழுதியது தெரியாது. சுடுதண்ணிப் போத்தலில் பால் விடாத தேத்தண்ணியோடு வேலிக்கு இந்தப் பக்கம் உங்கள் இடத்தைப் பிடித்து வைத்திருப்பேன்.

வழக்கமாகக் கடிதத்தின் முடிவில் உங்கள் ஆசீர்வாதத்தைக் கேட்டு எழுதுவார்கள். நானும் கேட்கிறேன். ஆனால் எழுதி அனுப்ப வேண்டாம் மாமா. வந்து கையால் தாருங்கள்.

இன்னும் முகம் காணாத உங்கள் மருமகள்,
பிரியந்தி